கேள்வி: கேமரா வந்த பிறகும் புருடாக் காட்சிகள் எப்படிப் பிழைத்தன?

தொடக்கக் கேள்வி (வாசகர் ஒருவர்), மார்ச் 2

அமெரிக்காவில் பி.டி.பார்னம் என்பவர் குரங்கின் மேல்பாதியையும் மீனின் கீழ்பாதியையும் ஒட்டி, கடற்கன்னி என்று சொல்லிக் காசு பார்த்தார். அது 1842. கேமரா 1839இலேயே வந்துவிட்டது. உள்ளதை உள்ளபடி காட்டும் கருவி வந்த பிறகு இந்தப் பித்தலாட்டம் எல்லாம் படுத்திருக்க வேண்டாமா? அதற்கப்புறமும் 50 வருடம் கொடிகட்டிப் பறந்திருக்கிறதே. அந்தக் காலத்து ஜனங்கள் அவ்வளவு அப்பாவிகளா?

மார்ச் 2, இரவு 10.40

"உள்ளதை உள்ளபடி காட்டும் கருவி" என்ற இடத்தில் சிரித்துவிட்டேன், மன்னிக்கவும். என் மாமா ஸ்டூடியோ வைத்திருந்தார். 14 வயதிலிருந்து விடுமுறை முழுக்க எனக்கு அங்கேதான் வேலை. நெகட்டிவை வெளிச்சத்தில் சாய்த்து வைத்துக்கொண்டு, கூர் சீவிய பென்சிலால் புள்ளி புள்ளியாக வைப்பேன். டச்சிங் என்போம். பெண் பார்க்க அனுப்பும் படம் என்றால் கூலி கொஞ்சம் கூட. எத்தனையோ பேர் கன்னத்து அம்மைத் தழும்பை ஆற்றியவன் நான். எந்த வைத்தியரும் அத்தனை பேருக்கு ஆற்றியிருக்க மாட்டார்.

பார்னத்தின் மியூசியம் நியூயார்க்கில் பிராட்வேயும் ஆன் தெருவும் சேரும் முனையில் இருந்தது. மேத்யூ பிராடி, பின்னாளில் லிங்கனைப் படம் எடுத்துப் பேர் வாங்கியவர், 1844இல் தன் முதல் ஸ்டூடியோவைத் திறந்தது அதே பிராட்வேயில், ஃபுல்ட்டன் தெரு முனையில். கூப்பிடு தூரம். இரண்டு பேருக்கும் ஒரே கூட்டம்தான் வாடிக்கை. கேமராவைப் போலீஸ்காரர் மாதிரி நினைத்துக்கொண்டு கேட்கிறீர்கள். அது பக்கத்துக் கடைக்காரர்.

மார்ச் 3, காலை

கடற்கன்னிக் கதையைக் கொஞ்சம் விரித்தே சொல்ல வேண்டும், ஏனென்றால் பொம்மையில் எந்தச் சாமர்த்தியமும் இல்லை. காய்ந்து கறுத்து, வாயைப் பிளந்துகொண்டிருக்கும் கோரமான வஸ்து. பாஸ்டனில் மோசஸ் கிம்பல் என்ற இன்னொரு மியூசியக்காரரிடமிருந்து வாடகைக்கு வாங்கியது. சாமர்த்தியம் எல்லாம் விளம்பரத்தில்.

லெவி லைமன் என்று பார்னத்துக்கு ஒரு கூட்டாளி. அவரை லண்டனிலிருந்து வந்திருக்கும் "டாக்டர் கிரிஃபின்" ஆக்கி ஒரு ஹோட்டலில் தங்கவைத்தார். அடுத்து, அழகான கடற்கன்னிகள் நீந்துகிற மாதிரி மரக்கட்டை அச்சுகள் செய்தார். ஒவ்வொரு பத்திரிகை ஆசிரியரிடமும் தனித்தனியாகப் போய், "எனக்கு இனி இது பயன்படாது, நீங்கள் இலவசமாகவே போட்டுக்கொள்ளுங்கள்" என்றார். மூன்று பத்திரிகையும் தனக்கு மட்டும்தான் கிடைத்தது என்று நினைத்துக்கொண்டு ஒரே ஞாயிற்றுக்கிழமை வெளியிட்டன. இதை நான் கண்டுபிடித்துச் சொல்லவில்லை. பார்னமே தன் சுயசரிதையில் பெருமையாக எழுதியிருக்கிறார்.

பார்க்க வந்தவர்களுக்கு அது குரங்கு என்று தெரியாமலா இருந்திருக்கும்? பாதிப் பேருக்குத் தெரிந்திருக்கும் என்பது என் எண்ணம். 25 சென்ட் கொடுத்தது தையலைக் கண்டுபிடிக்கிற சந்தோஷத்துக்கு.

மார்ச் 3, மதியம்

"நிமிடத்துக்கு ஒரு ஏமாளி பிறக்கிறான்" என்பது பார்னம் சொன்னதுதானே என்று ஒருவர் கேட்டிருக்கிறார். அவர் அப்படிச் சொன்னதற்கு ஆதாரம் எதுவும் இல்லை. காசு கொடுக்கிறவனை ஏமாளி என்று வெளியில் சொல்லிக்கொள்கிற ஆளாகவும் அவர் தெரியவில்லை.

அவருக்குப் பொருத்தமான கதை வேறு. கூட்டம் மியூசியத்தை விட்டு வெளியே போக மாட்டேன் என்கிறது. சிலர் சாப்பாடு கட்டிக்கொண்டே வந்துவிட்டார்கள். புது ஆட்கள் வெளியே காத்துக்கொண்டு நிற்கிறார்கள். அப்போது வெளியேறும் கதவுக்கு, பாமரர்களுக்குப் பழக்கமில்லாத ஒரு லத்தீன்வழிச் சொல்லைப் பெரிதாக எழுதிப் பலகை மாட்டினாராம். ஏதோ புது மிருகம் போலிருக்கிறது என்று கதவைத் திறந்தவர்கள் தெருவில் வந்து நின்றார்கள். நம் ஊரில் "நிர்க்கமனம் இவ்வழி" என்று எழுதி வைத்தால் நானே போய்ப் பார்ப்பேன்.

மார்ச் 5, இரவு

சந்தோஷம், சாமர்த்தியம் என்று எழுதிவிட்டுப் படுத்தேன். தூக்கம் வரவில்லை. ஜாய்ஸ் ஹெத் ஞாபகம் வந்துவிட்டது.

பார்னத்தின் முதல் காட்சி கடற்கன்னி அல்ல. 1835இல் அவர் காட்டியது ஒரு கிழவி. அடிமையாக இருந்த கறுப்பினப் பெண். கண் தெரியாது, கைகால் பெரும்பாலும் அசையாது. வயது 161, ஜார்ஜ் வாஷிங்டனைக் குழந்தையில் தூக்கி வளர்த்தவர் என்று விளம்பரம். அவரைக் காட்டும் உரிமையை 1000 டாலருக்கு வாங்கினார். கூட்டம் குறைந்தபோது பத்திரிகைக்கு ஒரு மொட்டைக் கடிதம் போனது. "அது மனுஷியே இல்லை. திமிங்கில எலும்பு, ரப்பர், ஸ்பிரிங் வைத்துச் செய்த இயந்திர பொம்மை." ஏற்கெனவே பார்த்தவர்களும் இன்னொரு தடவை காசு கொடுத்து, பொம்மையா மனுஷியா என்று பார்க்க வந்தார்கள்.

1836 பிப்ரவரியில் அவர் இறந்தார். பிணத்தை நியூயார்க்கில் பொதுமக்கள் முன்னால் அறுத்துப் பார்த்தார்கள். சுமார் 1500 பேர், தலைக்கு 50 சென்ட் டிக்கெட். அறுத்த மருத்துவர் சொன்னது: வயது 80க்கு மேல் இருக்காது.

மேலே நான் "தையலைக் கண்டுபிடிக்கிற சந்தோஷம்" என்று எழுதியதை இதோடு சேர்த்துப் படிக்க முடியவில்லை. அந்த வரியை அழிக்கவில்லை, இருக்கட்டும். குரங்கு பொம்மைக்கு அது சரி.

மார்ச் 6

திருத்தம்: கடற்கன்னி வந்தபோது மியூசியம் அவருக்கு ரொம்ப நாளாகச் சொந்தம் என்கிற மாதிரி ஒருவருக்குத் தனியாக எழுதிவிட்டேன். 1841 முடியும்போதுதான் வாங்கினார், 1842 தொடக்கத்தில் அவர் கைக்கு வந்தது. கடற்கன்னி அந்தக் கோடையில். அதாவது கடை திறந்த வருடமே.

மார்ச் 9, நீளமாகப் போகும்

கேமராவுக்கு வருகிறேன். முதலில் வந்த டாகுரோடைப் வெள்ளி பூசிய செப்புத் தகட்டில் ஒரே ஒரு படம். நகல் கிடையாது. பணக்காரப் பொருள். வேடிக்கை வியாபாரிக்கு அதனால் பெரிய லாபமில்லை. 1854இல் பாரிஸில் டிஸ்தேரி என்பவர் ஒரே கண்ணாடித் தகட்டில் பல படங்களை வரிசையாக எடுக்கும் முறைக்குக் காப்புரிமை வாங்கினார். விசிட்டிங் கார்டு அளவு. அதற்குப் பெயரே கார்ட்-டி-விசிட். ஒரு தகடு, எட்டு படம், எத்தனை நகல் வேண்டுமானாலும். 1860களில் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் வீட்டுக்கு வீடு ஆல்பம். அதில் அத்தை மாமா படத்துக்குப் பக்கத்திலேயே விக்டோரியா ராணி, லிங்கன், சர்க்கஸ் குள்ளர்.

தாளின் மேல் பூச்சு முட்டை வெள்ளைக்கரு. நிஜமாகத்தான். வெள்ளைக்கருவை உப்போடு அடித்துத் தாளில் பூசிக் காயவைத்து, அப்புறம் வெள்ளி நைட்ரேட். ஜெர்மனியில் டிரெஸ்டனில் இதற்கென்றே ஆலைகள், நாளுக்கு ஆயிரக்கணக்கில் முட்டை உடைத்தார்கள். மஞ்சள் கருவை என்ன செய்திருப்பார்கள் என்று என் மனைவி கேட்கிறாள்.

இப்போது கல்யாணக் கதை. சார்லஸ் ஸ்ட்ராட்டன், மேடைப் பெயர் ஜெனரல் டாம் தம்ப். 1842இல் பார்னம் பார்த்தபோது 5 வயதுகூட நிரம்பவில்லை, உயரம் 25 அங்குலம். "வயது 11" என்று விளம்பரம் போட்டார். குழந்தை குட்டையாக இருப்பதில் என்ன அதிசயம், அதனால். 1863 பிப்ரவரி 10, நியூயார்க் கிரேஸ் தேவாலயத்தில் அவருக்கும் லவீனியா வாரனுக்கும் கல்யாணம். லவீனியா 32 அங்குலம், முன்பு பள்ளிக்கூட ஆசிரியையாக இருந்தவர். உள்நாட்டுப் போர் மும்முரமாக நடக்கிற நேரம், ஆனாலும் பத்திரிகை முழுக்க இந்தக் கல்யாணம்தான். வெள்ளை மாளிகையில் லிங்கன் விருந்து கொடுத்தார்.

கல்யாணத்துக்கு முந்தைய வாரங்களில் மியூசியத்துக்கு நாள் வசூல் 3000 டாலரைத் தாண்டியது, லவீனியா தன் கார்டுகளை விற்றே ஒரு நாளைக்கு 300 டாலருக்கு மேல் பார்த்தார் என்று பார்னம் எழுதுகிறார். ஒரு கார்டு 25 சென்ட் என்று வைத்துக்கொண்டால் 1200 கார்டு. கல்யாணத்தை ஒரு மாதம் தள்ளிப் போட்டால் 15,000 டாலர் தருகிறேன் என்று பார்னம் கேட்டிருக்கிறார். 50,000 கொடுத்தாலும் முடியாது என்று மாப்பிள்ளை சொல்லிவிட்டார். எனக்கு அந்த மனிதரைப் பிடித்துப்போனது அந்த இடத்தில்தான்.

இங்கே ஒரு சங்கதி. மியூசியத்தில் பார்த்தது கண்ணோடு போய்விடும். கார்டு வீட்டுக்கு வரும். சாப்பாட்டு மேஜையில் வைத்து "இது நிஜமா?" என்று இன்னும் பத்துப் பேர் பேசுவார்கள். விளம்பரத்தைக் காசு கொடுத்து வாங்கிக்கொண்டு போகிறது கூட்டம். மூன்று பத்திரிகை ஆசிரியர்களை ஏமாற்ற வேண்டிய வேலை மிச்சம்.

மார்ச் 10

பழைய கார்டு கையில் இருப்பவர்களுக்கு: பின்பக்கம் ஸ்டாம்ப் ஒட்டியிருந்தால் அது 1864 செப்டம்பருக்கும் 1866 ஆகஸ்டுக்கும் இடையில் விற்றது. போர்ச் செலவுக்காக அமெரிக்க அரசு புகைப்படத்துக்கும் வரி போட்டது. 10 சென்ட்டுக்கு மேல் 25 சென்ட் வரை விலை என்றால் 2 சென்ட் ஸ்டாம்ப். வரி விதிக்கிற அளவுக்கு ஒரு தொழில் வளர்ந்துவிட்டது என்பதற்கு அதைவிட என்ன சாட்சி வேண்டும்?

மார்ச் 17

ஒரு வாரம் ஊரில் இல்லை. அதற்குள் யாரோ "இதெல்லாம் வெள்ளைக்காரன் கதை" என்று எழுதியிருக்கிறார்.

விருதுநகர் பங்குனிப் பொங்கல் பொருட்காட்சியில் சின்ன வயதில் ஒரு கொட்டகை பார்த்தேன். "உடல் பாம்பு, தலை பெண்." மைக்கில், "பெற்றோர் சாபத்தால் பாம்பான பெண்ணைப் பாருங்கள்" என்று திரும்பத் திரும்ப ஓடும். உள்ளே ஒரு மேஜை, அதன் மேல் சுருண்ட துணிப் பாம்பு, நடுவில் பவுடர் பூசிய ஒரு அக்காவின் தலை. மேஜைக்குக் கீழே கால்களுக்கு இடையில் பின்பக்கத் திரை தெரியும். அப்படியானால் உடம்பு எங்கே? என் அண்ணன் கடலைத் தோலை மேஜைக் கால்பக்கம் எறிந்தான். அது "டக்" என்று கண்ணாடியில் பட்டு விழுந்தது. அந்த அக்கா எங்களைப் பார்த்து முறைத்தார். சாபத்தில் இருக்கிற பாம்பு முறைக்கக் கூடாது.

அந்த வித்தை லண்டனில் 1865 அக்டோபர் 16 அன்று எகிப்தியன் ஹாலில் ஸ்டோடேர் என்ற மந்திரவாதி காட்டிய "ஸ்ஃபிங்ஸ்". யோசனை தாமஸ் டோபின் என்பவருடையது. மூன்று கால் மேஜை. கால்களுக்கு இடையில் இரண்டு கண்ணாடிகளைச் சாய்கோணமாக நிறுத்தினால் பக்கவாட்டுத் திரை அதில் பிரதிபலிக்கும், பார்க்கிறவருக்கு அது பின்பக்கத் திரையாகத் தெரியும். கண்ணாடிக்குப் பின்னால் ஆள் உட்கார்ந்திருப்பார். பக்கத்துத் திரையும் பின்திரையும் ஒரே துணியாக இருக்க வேண்டும், அவ்வளவுதான் ரகசியம். விருதுநகரில் இரண்டு பக்கமும் ஒரே பூப்போட்ட ஜமுக்காளம் கட்டியிருந்தது ஏன் என்று எனக்கு 30 வருடம் கழித்துப் புரிந்தது.

மார்ச் 18, அதிகாலை

ஆவி போட்டோ பற்றிக் கேட்டவருக்கு. இதை எழுதலாமா என்று யோசித்தேன். மாமா இப்போது இல்லை, எழுதலாம்.

வில்லியம் மம்லர், பாஸ்டனில் நகைக்கு எழுத்து வெட்டுகிறவர். 1860களின் தொடக்கத்தில் அவர் எடுத்த படங்களில், உட்கார்ந்திருப்பவருக்குப் பின்னால் மங்கலாக இன்னொரு உருவம் விழுந்தது. செத்தவர்களின் ஆவி என்றார்கள். போரில் பிள்ளைகளைப் பறிகொடுத்த காலம். கூட்டம் அலைமோதியது. படம் 10 டாலர். பிறகு ஒரு படத்தில் இருந்த "ஆவி", பாஸ்டனிலேயே உயிரோடு நடமாடுகிற ஒரு பெண்ணுடையது என்று கண்டுபிடித்தார்கள். முன்பு அவரிடமே படம் எடுத்துக்கொண்டவர். மம்லர் நியூயார்க்குக்கு இடம் மாறினார்.

இனி என் கதை. ஸ்டூடியோவில் 120 என்ற அளவு ஃபிலிம் ரோல் போடும் பழைய கேமரா ஒன்று. ஒரு படம் எடுத்ததும் நாமே ஃபிலிமைச் சுற்ற வேண்டும். மறந்தால் அடுத்த படம் அதன் மேலேயே விழும். வெற்றிலைக் கடைத் தாத்தா ஒருவருக்குப் பென்ஷன் மனுவுக்காகப் படம் எடுத்தோம். அடுத்து ஒரு குடும்பம். வீட்டுப் பெரியவருக்குப் பதினாறாம் நாள் காரியம் முடிந்து எல்லோரும் ஊருக்குக் கிளம்பும் முன் ஒரு படம். சுற்ற வேண்டியவன் நான்.

இரவு டார்க் ரூமில், சிவப்பு பல்பு வெளிச்சத்தில், டெவலப்பர் தட்டில் தாள் மெல்லக் கறுத்துக்கொண்டே வருகிறது. நடுவில் உட்கார்ந்திருந்த பாட்டிக்குப் பின்னால் வெள்ளையாக ஒரு தலைப்பாகை. கண் மூக்கு தெரியவில்லை, தோள் தெரிந்தது. மாமா என் பின்மண்டையில் ஒன்று வைத்தார்.

மறுநாள் அந்தப் பாட்டியே மகனோடு வந்தார். மாமா விஷயத்தைச் சொல்லி, காசு வேண்டாம், வேறு படம் எடுத்துத் தருகிறேன் என்றார். பாட்டி படத்தை வாங்கி ரொம்ப நேரம் பார்த்தார். "இதிலேயே மூணு போடுங்க" என்றார். மாமா மறுபடியும், "அம்மா, இது வெத்தலைக் கடைக்காரர்" என்று ஆரம்பித்தார். மகன் மாமாவின் கையைப் பிடித்து அழுத்தினான். மூன்று பிரதி போட்டோம். காசும் வாங்கினோம். அந்த வெற்றிலைக் கடைத் தாத்தா அதற்கப்புறம் ஏழு வருடம் அதே தெருவில் நடமாடினார். பாட்டி எதிரில் வந்துவிடக் கூடாதே என்று எனக்குத்தான் வயிற்றைக் கலக்கும்.

மார்ச் 18, இரவு

ஆவிப் படம் என்று சொல்லி ஏமாற்றியதாக மம்லர் மேல் வழக்கு வந்தது. அதைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். 1869 வசந்தத்தில் நியூயார்க்கில் நீதிபதி டௌலிங் முன் விசாரணை. அரசுத் தரப்புச் சாட்சி யார் தெரியுமா? பார்னம்! ஏப்ரஹாம் பொகார்டஸ் என்ற நல்ல பேர் உள்ள போட்டோகிராஃபரை வைத்து, பார்னம் உட்கார்ந்திருக்க, பின்னால் லிங்கனின் ஆவி நிற்கிற மாதிரி ஒரு படம் எடுத்துக் கோர்ட்டில் நீட்டினார்கள். யாரும் செய்யலாம், பாருங்கள் என்று.

எதிர்த்தரப்பு வக்கீல் விடுவாரா? கடற்கன்னி என்னவாயிற்று, ஜாய்ஸ் ஹெத் என்னவாயிற்று என்று பார்னத்தைக் குடைந்தார். நான் காசுக்கு மதிப்பான சரக்கைக் கொடுக்காமல் எந்த வேடிக்கையும் நடத்தியதில்லை என்கிற ரீதியில் அவர் பதில் சொன்னார். மம்லர் பக்கமும் சாட்சிகள் வந்தார்கள். லிவர்மோர் என்ற வால் ஸ்ட்ரீட் வங்கியாளர், படத்தில் இருப்பது இறந்துபோன என் மனைவிதான் என்று உறுதியாகச் சொன்னார். ஏமாற்று வேலை நடந்திருக்கிறது என்று எனக்குப் படுகிறது, ஆனால் எப்படி நடந்தது என்று அரசுத் தரப்பு நிரூபிக்கவில்லை என்று சொல்லி நீதிபதி மம்லரை விட்டுவிட்டார். சில வருடம் கழித்து லிங்கனின் விதவையே மம்லரிடம் போய்ப் படம் எடுத்துக்கொண்டார். தோளில் கை வைத்தபடி பின்னால் லிங்கன்.

இதில் மம்லர் திருடன், மாமா யோக்கியர் என்று எழுத ஆசை. ஆனால் மூன்று பிரதிக்கும் காசு வாங்கினோமே.

மார்ச் 21

"குள்ளரை வாரம் 3 டாலருக்கு வைத்துச் சுரண்டினார்" என்று ஒருவர் சொல்லியிருக்கிறார். ஸ்ட்ராட்டனுக்கு முதல் மாதம் வாரக் கூலி 3 டாலர் என்பது உண்மை. பிறகு ஏறியது, சில வருடத்தில் சம பங்குக் கூட்டாளி. 1856இல் ஒரு கடிகாரக் கம்பெனிக்குப் பொறுப்பேற்றுப் பார்னம் திவாலானபோது, ஐரோப்பாவுக்குக் கூட வந்து அவரைத் தூக்கி நிறுத்தியவர்களில் ஸ்ட்ராட்டனும் ஒருவர்.

அதே தம்பதியின் இன்னொரு கார்டு: ஸ்ட்ராட்டன், லவீனியா, மடியில் ஒரு கைக்குழந்தை. ஏகமாக விற்றது. அவர்களுக்குக் குழந்தையே பிறக்கவில்லை. அது இரவல் குழந்தை. சுற்றுப்பயணம் போகும் இடத்தில், இங்கிலாந்தில் இங்கிலீஷ் குழந்தை, பிரான்ஸில் பிரெஞ்சுக் குழந்தை என்று வாங்கிக் காட்டினார்கள் என்று பல வருடம் கழித்து லவீனியாவே சொன்னார். அவருடைய தங்கை மின்னி, அவரும் குள்ளம், 1878இல் பிரசவத்தில் இறந்தார். இதைத் தெரிந்துகொண்டு அந்தக் கார்டைப் பார்த்தால் லவீனியாவின் முகத்தில் எதையெதையோ தேடுகிறோம். அந்தக் காலத்தில் படம் எடுக்கும்போது கழுத்துக்குப் பின்னால் இரும்புக் கவை முட்டுக் கொடுத்திருக்கும், அசையக் கூடாது, அந்த முகத்தில் என்னத்தைப் படிப்பது?

ஏப்ரல் 4

இலங்கையிலிருந்து எழுதியவருக்கு: ஆமாம், சம்பந்தம் இருக்கிறது. 1850இல் பார்னமும் கூட்டாளிகளும் "ரெகாட்டா" என்ற கப்பலை இலங்கைக்கு அனுப்பி யானைகளைப் பிடித்தும் வாங்கியும் கொண்டுவந்தார்கள். கவனித்துக்கொள்ள உள்ளூர்க்காரர் ஒருவரையும் கூட்டிவந்தார்கள். 1851இல் 10 யானைகளை ஜோடி ஜோடியாக ரதத்தில் பூட்டி பிராட்வேயில் ஊர்வலம்.

நாலு வருடம் ஊர் ஊராகச் சுற்றிவிட்டு எல்லாவற்றையும் விற்றபோது ஒரு யானையை மட்டும் வைத்துக்கொண்டார். கனெக்டிகட் மாநிலம் பிரிட்ஜ்போர்ட்டில் அவர் வீட்டு நிலம் ரயில் பாதையை ஒட்டியது. அங்கே யானையை ஏரில் பூட்டினார். பாகனுக்குக் கீழைநாட்டு உடை மாட்டி, கையில் ரயில் நேர அட்டவணை. ரயில் வரும்போதெல்லாம் யானை மும்முரமாக உழ வேண்டும். அந்த 6 ஏக்கரை 60 தடவையாவது உழுதிருப்போம் என்கிறார். அமெரிக்கா முழுக்க விவசாயச் சங்கங்கள் கடிதம் போட்டன. யானை லாபமா, மாடு லாபமா?

பழக்கமான விவசாயி ஒருவர் நேரிலேயே வந்து கணக்குக் கேட்டார். எவ்வளவு தின்னும், விலை என்ன, குளிரில் வேலை செய்யுமா. கடைசியில், ஒரு ஜோடி மாட்டை விடவா அதிகம் இழுத்துவிடப்போகிறது என்றார். பார்னம் சொன்னது: "2 கோடி அமெரிக்கர்களின் கவனத்தை என் மியூசியத்துக்கு இழுக்கும்."

நான் யோசிப்பது அந்தப் பாகனைப் பற்றி. பார்னம் அவர் பெயரை எழுதவில்லை. ஏற்கெனவே உழுத நிலம், விதைக்கப்போவதில்லை, ஜரிகை உடை வேறு. தூரத்தில் ஊதுகிறது. அட்டவணையை மடித்து வைத்துவிட்டு யானையைத் தட்டி எழுப்பியிருப்பார்.